ஆடையும் ஆட்டமும்

(அறக்கட்டளைச் சொற்பொழிவின் அச்சு வடிவம்)



நாட்டியத்தைப் பற்றிப் பேச அழைக்கப்படுகிறவர்கள் வழக்கமாகத் தாளத்தையும் ஜதியையும், அபிநயத்தையும் ரஸத்தையும், குருபரம்பரையையும் பாணி பேதங்களையும் எடுத்துக்கொள்வார்கள். அவற்றைப் பற்றிப் பேசுவதற்கு என்னைவிடத் தகுதி படைத்தவர்கள் இந்த மண்டபத்திலேயே பலர் இருப்பதால், திரை விலகிய கணத்திலேயே எல்லோர் கண்ணிலும் படுவதும், ஆனால் விமரிசகர்கள் தங்கள் கட்டுரையின் கடைசி வரியில், அதுவும் இடம் மிச்சமிருந்தால், "உடையலங்காரம் நன்றாக இருந்தது" என்று மூன்று சொற்களில் முடித்துவிடுவதுமான ஒரு விஷயத்தை இன்று உங்கள் முன் வைக்கலாம் என்று எண்ணினேன்.

என் அபிப்பிராயத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்; பிறகு அதற்கு ஆதாரம் தேடிச் செல்வோம். எந்த உடம்பு, எந்த ஒளியில், எவ்வளவு தொலைவில் உட்கார்ந்திருப்பவருக்காக, எவ்விதமாக அசைகிறது என்று ஒவ்வொரு காலத்திலும் ஒரு கேள்வி எழுகிறது. நாட்டிய உடை அந்தக் கேள்விக்குத் துணியால் சொல்லப்படும் விடை. அரங்கம் மாறியபோதும், விளக்கு மாறியபோதும், ஆடுகிறவர் யார் என்பது மாறியபோதும் இந்த விடையும் மாறி வந்திருக்கிறது. மாறி வந்த விடைகளுள் ஒன்றை, அதுவும் நம்முடைய பாட்டிமார்களின் காலத்தில் தோன்றிய ஒன்றைப் பிடித்துக்கொண்டு, இதுவே அநாதி சம்பிரதாயம் என்று நாம் பூஜித்து வருகிறோம். பூஜிப்பதில் எனக்கு ஆட்சேபமில்லை. அது எப்படிப் பிறந்தது என்று தெரிந்து பூஜிக்கலாமே என்பதுதான் என் விண்ணப்பம்.

பரத முனிவர் பெயரால் வழங்கும் நாட்டிய சாஸ்திரம் அபிநயத்தை ஆங்கிகம், வாசிகம், ஆஹார்யம், ஸாத்விகம் என்று நான்காக வகுத்து, உடை, நகை, வர்ணப்பூச்சு, மேடைப் பொருள்கள் ஆகியவற்றையெல்லாம் ஆஹார்யத்தில் அடக்கி, அதற்கென்று தனி அத்தியாயமே ஒதுக்கியிருக்கிறது. நாட்டிய வகுப்பில் முதல் மாதமே மாணவிகள் மனப்பாடம் செய்யும் அபிநய தர்ப்பணத்துத் தியான சுலோகம், சந்திரனையும் நட்சத்திரங்களையும் சிவபெருமானுடைய ஆஹார்யமாகச் சொல்லுகிறது. தினமும் அதைச் சொல்லிக் கைகூப்புகிற நாம், நான்கில் ஒரு பங்கான அந்தப் பகுதியைப் பாடத்திட்டத்தில் தேடினால் அநேகமாகக் காண மாட்டோம். அபிநய தர்ப்பணம் சலங்கையைப் பற்றிச் சொல்லும்போது வெண்கலத்தால் செய்யப்பட வேண்டும், நல்ல நாதம் உடையதாக இருக்க வேண்டும், நீலக் கயிற்றில் இடைவெளி விட்டுக் கோக்கப்பட வேண்டும், காலொன்றுக்கு நூறோ இருநூறோ இருக்கலாம் என்று உலோகம், ஒலி, நிறம், எண்ணிக்கை எல்லாவற்றையும் குறித்து வைக்கிறது. இன்று தோல்பட்டையில் வரிசை வரிசையாகத் தைத்த சலங்கையைக் கட்டுகிறோம். கயிற்றிலிருந்து தோலுக்கு மாறியதால் கட்டுவது எளிதாயிற்று. ஒலியும் சிறிது மாறித்தான் இருக்கும். அதைப் பற்றி யாரும் சண்டை போடவில்லை.

நம்முடைய சிலப்பதிகாரத்தைப் பார்த்தால் விஷயம் இன்னும் சுவையாக இருக்கிறது. அரங்கேற்று காதையில் ஏழு கோல் அகலமும் எட்டுக் கோல் நீளமும் உள்ள அரங்கைக் கட்டுவித்த கவி, தூணின் நிழல் ஆடுமிடத்தில் விழாதபடி விளக்கை நிறுத்த வேண்டும் என்று ஓர் ஒளியமைப்பாளரைப் போலக் கவலைப்படுகிறார். கடலாடு காதையில் மாதவி கால்விரல் அணியிலிருந்து தலைக்கோலம் வரையில் தன்னை ஒப்பனை செய்துகொள்ளும் இடத்தில், முப்பத்திரண்டு வடம் கொண்ட முத்து மேகலையைப் பூவேலை செய்த துகிலின் மேல் அவள் அணிந்ததாகச் சொல்லுகிறார். அது கோவலனுக்காக வீட்டில் செய்துகொண்ட அலங்காரம். மேடை உடை என்று நாம் உரிமை கொண்டாட முடியாது. ஆனால் அதே காதையில் மாதவி ஆடிய பதினோராடல்களைச் சொல்லும்போது, அந்தந்தத் தெய்வத்துக்கு உரிய அணியோடு அந்தந்த ஆடல் நிகழ்ந்தது என்று தெளிவாகச் சொல்லிவிடுகிறார். மரக்கால் என்னும் ஆடலில் கொற்றவை காலில் கட்டிக்கொண்ட மரக்கால் இருக்கிறதே, அது உடையா, ஆட்டமா? அதைக் கழற்றிவிட்டால் அந்த ஆடலே இல்லை. பேடியாடலில் காமன் பூண்ட பேடிக்கோலத்தை நீக்கினாலும் அப்படியே. உடையை ஆட்டத்திலிருந்து பிரிக்க முடியாது என்பதற்குத் தமிழில் இதைவிடப் பழைய அத்தாட்சி வேண்டியதில்லை.

இனிப் பல நூற்றாண்டுகளைத் தாண்டி, புகைப்படக் கருவி வருவதற்குச் சற்று முந்தைய காலத்துக்கு வந்துவிடுகிறேன். 1838-ஆம் ஆண்டில் கடலூருக்கு அருகிலுள்ள திருவந்திபுரத்துத் தேவதாசிகள் சிலர், பிரெஞ்சு வர்த்தகர் ஒருவருடைய ஏற்பாட்டில் தங்கள் பக்கவாத்தியக்காரர்களுடன் கப்பலேறிப் பாரிஸுக்கும் லண்டனுக்கும் சென்று ஆடினார்கள். தியோஃபில் கோத்தியே என்ற பிரெஞ்சு எழுத்தாளர் அவர்களுடைய உடையையும் நகைகளையும் வியந்து பத்திரிகையில் எழுதினார். அம்மணி என்ற நர்த்தகியின் உருவத்தைப் பார் என்ற சிற்பி வெண்கலத்தில் வார்த்தார். ஐரோப்பிய நடனமேடையில் இந்தியக் கோவில் நர்த்தகி என்ற கற்பனைப் பாத்திரம் அதற்கு முன்பே உலவிக்கொண்டிருந்தது. அந்தக் கற்பனைக்கு எதிரே, கணுக்கால்வரை மறைத்த உடையும் தரையை ஓங்கி மிதிக்கும் கால்களுமாக நிஜமான நர்த்தகிகள் வந்து நின்றபோது, பார்த்தவர்களில் சிலருக்கு ஏமாற்றமும் சிலருக்குப் பிரமிப்பும் ஏற்பட்டதில் ஆச்சரியமில்லை.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியிலும் இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்திலும் எடுக்கப்பட்ட, பரதநாட்டியம் சதிர் என்று வழங்கிய நாளைய கச்சேரிப் புகைப்படங்களை நீங்கள் பார்த்திருப்பீர்கள். உள்ளே கணுக்காலில் இறுகும் கால்சட்டை. அதன்மேல் நீளமான பட்டுப் புடவையைச் சுற்றி, கொசுவத்தை முன்னால் திரட்டித் தொங்கவிட்டு, இடுப்பில் ஒட்டியாணத்தால் அழுத்தியிருப்பார்கள். முழங்கைவரை வரும் கனமான ரவிக்கை. மார்பின் குறுக்கே மேலாக்கு. இன்றைய கண்ணுக்கு இது பருமனாகத் தோன்றுகிறது. ஆனால் இந்த உடை எங்கே ஆடுவதற்காக ஏற்பட்டது என்று யோசிக்க வேண்டும். கல்யாணப் பந்தலிலும் ஜமீன் கூடத்திலும், எண்ணெய் விளக்கின் வெளிச்சத்தில், ஜமக்காளத்தில் உட்கார்ந்திருப்பவர்களுக்கு ஐந்தடி எதிரே நின்று, ஒரு பதத்தை அரைமணி நேரம் விரித்து ஆடுகிறவளுக்குப் புடவையின் கரையும் புல்லாக்கின் அசைவும் புருவத்தின் நெளிவும் ஒரே தூரத்தில் இருந்தன. புடவை சற்றே நழுவுவதும் அதைக் கையால் சரிசெய்வதும்கூட அபிநயத்தோடு அபிநயமாகக் கலந்துபோயிற்று. மேலே சுற்றும் புடவையில் தையல் இல்லை என்பதால் அது அளவெடுக்க வேண்டாத கட்டு. வயது ஏறினாலும் உடம்பு பருத்தாலும் அதே புடவை, அதே கட்டு.

இந்தக் கட்டைக் கடைசிவரையில் கைவிடாதவர் பாலசரஸ்வதி அம்மையார். சத்யஜித் ராய் 1976-இல் எடுத்த "பாலா" என்ற படத்தில், கடற்கரைக் காற்றில் அவருடைய புடவைத் தலைப்பு படபடக்க, கிருஷ்ணனை அழைக்கும் பாட்டுக்கு அவர் அபிநயிக்கும் காட்சியைப் பார்த்தவர்களுக்கு ஒன்று விளங்கியிருக்கும். அங்கே காற்றும் ஒரு பக்கவாத்தியம். வெட்டித் தைத்த உடையில் காற்றுக்கு அந்த வேலை கிடையாது.

அந்த வெட்டித் தைத்த உடை பிறந்த கதைக்கு இனி வருவோம். 1935-ஆம் ஆண்டு டிசம்பரில், அடையாற்றில் நடந்த பிரம்மஞான சபையின் வைர விழாவில் ருக்மிணி தேவி அருண்டேல் ஆடினார். மறு ஆண்டில் அவருடைய கலாக்ஷேத்திரம் தோன்றிற்று. பந்தநல்லூர் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் அவர் ஆட்டம் பயின்றதையும், ரஷ்ய நர்த்தகி பாவ்லோவா அம்மையாரின் நட்பு அவரைத் தூண்டியதையும் எல்லோரும் எழுதியிருக்கிறார்கள். நம்முடைய விஷயத்துக்கு வேண்டிய செய்தி வேறு. கோவில் சிற்பங்களின் உடையைக் கூர்ந்து நோக்கிய அவர், அடையாற்றிலிருந்த கஸான் என்ற இத்தாலிய மாதின் தையல் வித்தையைத் துணைகொண்டு, புடவையைத் துண்டுகளாக வெட்டி, கால்சட்டை, முன்விசிறி, இடுப்புத் துண்டு, மேலாக்கு, ரவிக்கை என்று தனித்தனியே தைத்து, நாடாவாலும் கொக்கியாலும் பொருத்தும் உடையை உருவாக்கினார். தமிழ்ச் சிற்பியின் கண்ணும் காஞ்சிபுரத்து நெசவாளியின் கையும் இத்தாலியத் தையற்காரியின் கத்தரிக்கோலும் கூடிப் பெற்ற குழந்தைதான் நாம் இன்று பரதநாட்டிய உடை என்று உலகமெங்கும் அடையாளம் காட்டும் பொருள். அதன் வயது இன்னும் நூறு ஆகவில்லை.

இந்த மாறுதலுக்கு ரசனை மட்டும் காரணமன்று. ஆட்டம் கூடத்திலிருந்து நாற்காலி போட்ட மண்டபத்துக்குப் போயிற்று; ஐந்தடி தூரம் ஐம்பது அடியாயிற்று; எண்ணெய் விளக்கின் இடத்தில் மின்விளக்கு வந்தது. ஐம்பது அடிக்கு அப்பால் உட்கார்ந்திருப்பவருக்குப் புருவம் தெரியாது. அரைமண்டியின் சதுரம் தெரிய வேண்டும். சுற்றிய புடவைக்குள் மறைந்திருந்த கால்களின் வடிவத்தைத் தைத்த உடை வெளியே கொண்டுவந்தது. கால்களின் வடிவம் வெளியே தெரிந்துவிட்டதால் அரைமண்டி சற்றுத் தளர்ந்தாலும் கடைசி வரிசைக்குக்கூடத் தெரிந்துவிடும் நிலை வந்தது. அடவின் சுத்தத்தைப் பற்றிய கண்டிப்பு வளர்ந்ததில் இந்த உடைக்கும் பங்குண்டு என்பது என் ஊகம்.

இன்னொரு காரணமும் இருந்தது. அதைப் பேசாமல் கடந்துபோவது நேர்மையாகாது. சதிர் ஆடிய குலத்துப் பெண்களைச் சமூகம் ஒதுக்கிவைத்த காலம் அது. 1947-இல் சென்னை மாகாணச் சட்டம் பொட்டுக் கட்டும் வழக்கத்தையே தடை செய்தது. மேல்குடும்பத்துப் பெண்கள் மேடையேற வேண்டுமானால் கலையின் தோற்றம் பழைய தோற்றத்திலிருந்து விலகித் தெரிய வேண்டும் என்ற விருப்பம் அன்றைக்குப் பலருக்கு இருந்தது. புதிய உடை அதற்கும் உதவிற்று. உடை அழகாக அமைந்துவிட்டது என்பது உண்மை. பழைய கட்டைக் கட்டத் தெரிந்த கைகளிடம் போய், எப்படிச் சுற்றினீர்கள், எங்கே செருகினீர்கள் என்று யாரும் முறையாகக் கேட்டு எழுதிவைக்கவில்லை என்பதும் உண்மை. முதலாவதற்காக மகிழ்கிற நாம் இரண்டாவதற்காக வெட்கப்படவும் வேண்டும்.

இப்போது தையற்காரரின் மேஜைக்கு வருவோம். மயிலாப்பூரிலோ மாம்பலத்திலோ, சந்துக்குள் ஒரு மாடிப்படியின் கீழ் மெஷின் போட்டிருக்கும் நல்ல நாட்டியத் தையற்காரர், வந்திருக்கும் பெண்ணை நிற்கவைத்து அளவெடுத்தவுடன் நாடாவைச் சுருட்டிவிட மாட்டார். "அரைமண்டியில் உட்காரம்மா" என்பார். இடுப்பிலிருந்து கணுக்கால்வரை நின்ற அளவு ஒன்று. உட்கார்ந்த நிலையில் முழங்காலுக்கு முழங்கால் விரியும் அளவு ஒன்று. இவ்விரண்டுக்கும் இடையிலுள்ள வித்தியாசத்தில்தான் அவருடைய சாஸ்திரம் முழுவதும் இருக்கிறது. முன்விசிறி இரண்டு கால்களின் உட்புறத் தையலோடும் இணைக்கப்படுவதால், முழங்கால்கள் பிரியும்போது அது தானே விரிய வேண்டும். சேரும்போது தானே அடுக்காக மூடிக்கொள்ள வேண்டும். மடிப்புகள் மிகக் குறைந்தால் அரைமண்டியில் துணி இழுத்துக்கொண்டு பலகைபோல் நிற்கும். அளவுக்கு மிஞ்சினால் நிற்கும்போது வயிற்றின்கீழ் உப்பி விகாரப்படும். மடிப்புகள் கலையாமலிருக்க உட்புறத்தில் இடையிடையே நூலால் பிடித்துத் தைப்பார். அந்த நூல் இறுகலாக இருந்தால் விசிறி திறக்காது, தளர்ந்தால் இரண்டாவது உருப்படிக்குள் மடிப்பு குலைந்துவிடும். கரையின் ஜரிகை கீழ்நோக்கி இழுக்கும் கனத்தையும் அவர் கணக்கில் எடுத்துக்கொள்கிறார். ஜரிகை கனம் போதாத துணி, தட்டிமெட்டு முடிந்து கால் நின்ற பிறகும் அடங்காமல் அலைந்துகொண்டிருக்கும்.

ரவிக்கையில் அக்குள் வெட்டுதான் பரீட்சை. சாதாரண ரவிக்கையில் காற்றோட்டத்துக்காக அதைச் சற்று இறக்கி வெட்டுவது வழக்கம். நாட்டியத்துக்கு அது உதவாது. இறக்கி வெட்டிய ரவிக்கையில், நாட்டியாரம்பத்துக்குக் கைகளைத் தோள்மட்டத்துக்கு உயர்த்தியவுடன் ரவிக்கை முழுவதும் மேலே ஏறிவரும். அக்குளை உயர்த்தி வெட்டி, வேண்டிய இடத்தில் சாய்சதுரமாக ஒரு சிறு துண்டு சேர்த்துவிட்டால் கை உயரும்; ரவிக்கை தன் இடத்திலேயே நிற்கும். வளரும் பிள்ளையாக இருந்தால் ஓரங்களில் இரண்டு அங்குலம் உள்ளே மடித்து விட்டுத் தைப்பார். அடுத்த வருஷம் பிரித்துவிட்டுக்கொள்ளலாம். இவ்வளவு நுட்பமும் தெரிந்த அந்த மனிதருடைய பெயர் எந்த அழைப்பிதழிலாவது இருந்து நான் பார்த்தது அபூர்வம்.

துணியைப் பற்றியும் சொல்ல வேண்டும். காஞ்சிபுரத்தில் உடலையும் கரையையும் தனித்தனித் தறி நாடாக்களால் நெய்து, ஊடே பின்னிக் கோர்வையாக இணைக்கும் முறை உண்டு. உடல் ஒரு நிறமும் கரை அதற்கு நேர்மாறான நிறமுமாக, எல்லை பிசகாமல் வருவது அதனால்தான். அரக்கும் பச்சையும், மாம்பழ மஞ்சளும் மயில்கழுத்து நீலமும் எதிரெதிரே நிற்கும் இந்த நெசவு, மேடையில் அங்கங்களின் எல்லைக்கோட்டை வரைந்து காட்டுவதற்கென்றே பிறந்ததுபோல இருக்கிறது. கலாக்ஷேத்திரத்தில் 1937-லேயே நெசவுக்கூடம் ஏற்பட்டதன் தீர்க்கதரிசனத்தை நாம் போதுமான அளவு பாராட்டியதில்லை. ஆட்டத்தைக் கற்பிக்கும் இடத்திலேயே தறியின் ஓசையும் கேட்க வேண்டும் என்று நினைத்த மனம் சாமானியமானதன்று.

ஆனால் இந்த நிறங்களெல்லாம் ஒளியின் தயவில் வாழ்பவை. மஞ்சள் சாயலுடைய பழைய குமிழ் விளக்கில் ஜரிகை பொன்னாக ஜொலிக்கும். அரக்கு நிறம் ஆழ்ந்து தெரியும். நீல ஒளியைப் பாய்ச்சினால் அதே அரக்குப் பட்டு கறுத்து, காய்ந்த இரத்தம்போல் ஆகிவிடும். பச்சை ஒளியில் சிவப்பு அநேகமாகக் கறுப்பேதான். இப்போது மண்டபங்களில் வந்திருக்கும் எல்.இ.டி. விளக்குகளைக் கையில் வைத்திருக்கும் இளைஞர், பல்லவிக்கு ஒரு நிறம், சரணத்துக்கு ஒரு நிறம் என்று விளையாடும்போது, இருபதாயிரம் ரூபாய்ப் பட்டு பத்து நிமிஷத்துக்கு ஒருமுறை வேறு வேறு துணியாகிறது. உடையைத் தைக்கக் கொடுப்பதற்கு முன்பே ஒரு முழத் துணியை எடுத்துக்கொண்டு மண்டபத்துக்குப் போய், அந்த விளக்கின்கீழ் விரித்துப் பார்க்கும் பழக்கம் நம்மிடையே வர வேண்டும். செலவில்லாத பரிசோதனை, செய்கிறவர்கள்தான் குறைவு.

நகைகளைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். நாகர்கோவில் வடசேரியில் வெள்ளியின்மேல் தங்கத் தகடு பதித்துக் கெம்புக் கல் கட்டிச் செய்யும் தலைசாமான்கள், சூரியப்பிரபை, சந்திரப்பிரபை, ராக்கொடி, மாங்காய் மாலை எல்லாம் கோவில் விக்கிரகங்களுக்குச் சாத்துவதற்காக ஏற்பட்டவை. விக்கிரகம் குதிப்பதில்லை. ஒன்றரை மணி நேரம் ஆடுகிற குழந்தையின் உச்சந்தலையில் அந்தக் கனத்தை ஏற்றுவதைவிட, லேசான போலி நகையே மேல் என்று பட்டவர்த்தனமாகச் சொல்வேன். பரிசுத்தவாதிகள் மன்னிக்க வேண்டும்.

பிற பிரதேசத்து ஆட்டங்களைப் பார்த்தால் உடையே ஆட்டத்தை எப்படி உருவாக்குகிறது என்பது இன்னும் தெளிவாகும். மணிப்புரியில், பதினெட்டாம் நூற்றாண்டில் பாக்கியசந்திர மகாராஜா ஏற்படுத்திய ராஸலீலையில் பெண்கள் அணியும் பாவாடை, கண்ணாடிச் சில்லுகள் பதித்து, விறைப்பாக, உருளை வடிவத்தில் நிற்பது. அதற்குள் கால் இருப்பதே தெரியாது. கால் தெரியாத ஆட்டத்தில் காலால் கணக்குக் காட்டி என்ன பயன்? ராஸ நர்த்தகிகள் சலங்கை கட்டுவதில்லை. பாதம் தரையை வருடிக்கொண்டு செல்ல, மேலுடல் மாத்திரம் அலையின்மேல் மிதக்கும் தாமரை மாதிரி நகர்கிறது. முகத்தின்மேல் மெல்லிய திரை. கோபி இந்த உலகத்தவள்தானா என்ற ஐயத்தை அந்த உடையே உண்டாக்கிவிடுகிறது.

இதற்கு நேர் எதிர் கதக். அங்கே சுழற்சிதான் பிராணன். அங்கர்க்கா என்ற நீண்ட மேலங்கியின் கீழ்ப்பகுதியை மேலே குறுகியும் கீழே அகன்றும் உள்ள துண்டுகளாக வெட்டிச் சேர்ப்பார்கள். நர்த்தகி சுழலும்போது அது குடையாக எழுந்து, ஸமத்தில் அவள் சட்டென்று நின்ற பிறகும் துணி தன் வேகத்தில் சற்று முன்னே போய், அவள் கால்களைச் சுற்றிக்கொண்டு, பிறகு அடங்குகிறது. தபலாவின் கடைசி அடிக்கும் துணி அடங்குவதற்கும் இடையிலுள்ள அந்த அரைக் கணத்தில்தான் சபை கைதட்டுகிறது. அந்த அரைக் கணத்தை வெட்டித் தைத்தவர் தையற்காரர். ஒடிஸிக்குக் கட்டக்கின் வெள்ளிக் கம்பி நகையும், நெட்டியால் செய்த தலையணியும். நம் தஞ்சாவூரில் கோவில் மாதிரிகள் செய்கிறார்களே, அதே நெட்டிதான். குச்சிப்புடியில் சத்தியபாமாவின் ஜடை ஒரு பாத்திரமாகவே ஆகிவிட்டது. கதகளியின் சுட்டியையும் பிரம்மாண்டமான பாவாடையையும் பற்றித் தனியாக ஒரு சொற்பொழிவே செய்யலாம், இன்று அவகாசமில்லை.

புதிய நடனத்துக்கு வருகிறேன். கல்பனா படத்தைச் சென்னை ஜெமினி ஸ்டூடியோவில் எடுத்து 1948-இல் வெளியிட்ட உதய சங்கர், பல வட்டாரங்களின் உடையையும் ஓவியனுடைய சுதந்திரத்தோடு கலந்தவர். அவர் ஓவியம் பயின்றவர் என்பதை அவருடைய ஒவ்வொரு உடையும் சொல்லும். அகமதாபாத்தில் 1967-இல் கதம்ப் என்ற பள்ளியை நிறுவிய குமுதினி லாக்கியா, கதக்கின் பளபளப்பைக் களைந்து, துப்பட்டாவைக்கூட வேண்டாமென்று ஒதுக்கி, பலர் சேர்ந்து ஆடும்போது கண் துணியில் நிற்காமல் மேடையில் உண்டாகும் கோடுகளில் செல்லும்படி செய்தார். அஸ்தாத் தேபூ எதிர்த் திசையில் போனார். கதக்கும் கதகளியும் கற்ற அவர், நீண்ட அகன்ற அங்கியை அணிந்து மிக மெதுவாகச் சுழலும்போது, வேகத்துக்காகப் பிறந்த அந்த வெட்டு, தாமதத்துக்கும் அவ்வளவு நன்றாக உதவும் என்று தெரிந்தது.

நம் ஊரில் இந்த விஷயத்தில் பெரிய கலகம் செய்தவர் சந்திரலேகா. காஞ்சிபுரம் எல்லப்பப் பிள்ளையிடம் பரதம் பயின்று, அரங்கேறி, பிறகு பல வருஷங்கள் ஒதுங்கியிருந்து, 1985-இல் "ஆங்கிகா" என்ற படைப்போடு அவர் திரும்பியபோது மேடையில் விசிறி இல்லை, தலைசாமான் இல்லை. வகுப்பில் பயிற்சிக்குக் கட்டுவதுபோலக் கச்சமாகக் கட்டிய புடவை, வழவழப்பில்லாத முகம், அவ்வளவுதான். களரியும் யோகமும் கலந்த அந்த அசைவுகளில் உடம்பு தரையில் கிடக்கிறது, புரள்கிறது, முதுகெலும்பை ஒவ்வொரு கணுவாக நிமிர்த்துகிறது. தைத்த விசிறி அங்கே முள்ளாகக் குத்தும். ஜரிகை முழங்காலைக் கிழிக்கும். சம்பிரதாயத்தை அவமதித்துவிட்டார் என்று அந்நாளில் முணுமுணுத்தவர்கள் உண்டு. எனக்கு அது வேறுவிதமாகப் படுகிறது. வெட்டாத, தைக்காத துணியை உடம்பில் சுற்றி ஆடுவதுதான் 1935-க்கு முன் இந்த மண்ணின் வழக்கம். கட்டின் முறை வேறாக இருக்கலாம். ஆனாலும் புதுமைக்காரி என்று பெயரெடுத்தவர் பழமைக்கு அருகில் போய் நின்றார். பழமையைக் காப்பதாகச் சொல்லிக்கொண்டவர்கள் இத்தாலியத் தையலின் பக்கம் நின்றார்கள். இதில் யாருக்கும் அவமானமில்லை. இரண்டும் அவரவர் ஆட்டத்துக்குப் பொருந்திய உடைகள்.

பொருந்தாதது எது என்று கேட்டால், இன்றைய அரங்கேற்றங்களில் பாதி என்று சொல்ல வேண்டியிருக்கிறது. ஒரு மாலையில் நான்கு உடைகள். உடை மாற்றும் நேரத்தை நிரப்பப் பக்கவாத்தியக்காரர்களின் தனி ஆவர்த்தனம். வர்ணத்தில் வியர்த்துக் களைத்து வந்த பதினான்கு வயதுக் குழந்தை, மூச்சு வாங்க நேரமில்லாமல், மூன்று பேர் கொக்கி மாட்ட, இரண்டு பேர் ஊக்குக் குத்த, அடுத்த பட்டுக்குள் திணிக்கப்படுகிறது. புகைப்பட ஆல்பத்துக்கு நான்கு நிறம் கிடைக்கிறது. ஆட்டத்துக்குக் கிடைப்பது தலைச்சுற்றல். வாடகைக்குக் கிடைக்கும் செயற்கைப் பட்டு, பார்வைக்குப் பட்டைப் போலவே இருந்தாலும் வியர்வையை உறிஞ்சாது. மே மாதத்துப் பள்ளி விழாவில் அதற்குள் ஆடும் பிள்ளைகளைப் பார்த்தால் பரிதாபமாக இருக்கிறது. குழு நடனத்தில் எல்லோருக்கும் ஒரே அளவில் தைத்துவிடுவதும் வழக்கமாகிவிட்டது. குட்டையான பெண்ணுக்குக் கரை கணுக்காலிலும் நெட்டையான பெண்ணுக்குக் கெண்டைக்காலிலும் நின்றால், பன்னிரண்டு பேர் எவ்வளவு ஒற்றுமையாக ஆடினாலும் கண்ணுக்கு ஒற்றுமை தெரியாது. இடுப்பிலிருந்து அளக்காமல் தரையிலிருந்து அளந்து கரையின் உயரத்தை நிர்ணயித்துவிட்டால் இந்தக் கோளாறு தீர்ந்துபோகும். திரைப்படத்தையும் இங்கே குற்றம் சொல்லுவார்கள். நான் சொல்ல மாட்டேன். 1968-இல் வந்த தில்லானா மோகனாம்பாளில் பத்மினி அணிந்த உடைகளைப் பார்த்துப் பரதம் கற்க ஆசைப்பட்ட பெண்கள் ஊருக்கு ஊர் இருந்தார்கள்.

கடைசியாக, பாதுகாப்பைப் பற்றி. வியர்வையின் உப்பு பட்டையும் ஜரிகையையும் மெல்ல மெல்லத் தின்றுவிடும். ஆட்டம் முடிந்ததும் உடையை மடித்துப் பெட்டியில் வைக்காமல், உட்புறம் வெளியே வரும்படி திருப்பி, இரவு முழுவதும் நிழலில் காயவிட வேண்டும் என்று பழைய ஆசிரியைகள் ஓயாமல் சொல்லுவார்கள். அப்படிக் காத்தாலும் ஒருநாள் அது கிழியத்தான் கிழியும். கிழிந்ததும் கரையை வெட்டி எடுத்துக்கொண்டு மிச்சத்தை எறிந்துவிடுகிறோம். இசைக்கு ஒலித்தட்டு இருக்கிறது. அடவுக்குப் புத்தகமும் படமும் இருக்கின்றன. நம் முன்னோடிகள் மேடையில் அணிந்த உடைகளில் எத்தனை இன்று பிரித்துப் பார்க்கக்கூடிய நிலையில் இருக்கின்றன என்று அவரவர் குடும்பத்தாரும் பள்ளிகளும் பீரோவைத் திறந்து பார்க்க வேண்டும்.

ஆகவே இங்கே வந்திருப்பவர்களிடம் சில வேண்டுகோள்கள். நாட்டியப் பள்ளி நடத்துகிறவர்கள், மாணவிக்குச் சலங்கை பூஜை செய்வதற்கு முன், அவள் தன் விசிறியைத் தானே பிரித்து மறுபடி மடிப்பெடுத்து நூல்கட்டக் கற்றிருக்கிறாளா என்று பார்க்க வேண்டும். பழைய உடை யார் வீட்டிலாவது இருந்தால் அதைக் கத்தரிக்காமல், அளவுகளைக் குறித்து, படமெடுத்து, ஒரு பொது நூலகத்தில் சேர்ப்பிக்க வேண்டும். சதிர்க் கட்டுக் கட்டத் தெரிந்த முதியவர்கள் இன்னும் எங்கேனும் இருந்தால் இந்த வருஷமே அவர்களைத் தேடிப் போக வேண்டும். சபாக்களின் காரியதரிசிகளிடம் கேட்பது மிகச் சிறியது: வருகிற மார்கழிக்கு அழைப்பிதழ் அச்சிடும்போது, நட்டுவாங்கம், வாய்ப்பாட்டு, மிருதங்கம், ஒளியமைப்பு என்று போகிற வரிசையில், "உடை" என்று ஒரு வரி சேர்த்து, தைத்தவரின் பெயரைப் போடுங்கள், நிகழ்ச்சி அன்று அவருக்கு முன்வரிசையில் ஒரு நாற்காலியும் போடுங்கள்.